வீடியோவை மாற்றும்போது தரம் எங்கே போகிறது?

எடுத்த வீடியோ டிவியில் ஓட மறுக்கிறது. எடிட்டிங் மென்பொருளில் திறந்தால் குரல் மட்டும் வருகிறது, படம் வரவில்லை. அல்லது ஃபைல் பெரிதாக இருப்பதால் யாருக்கும் அனுப்ப முடியவில்லை. இந்த மூன்று சிக்கலுக்கும் பெரும்பாலும் ஒரே வைத்தியம்தான் நடக்கிறது. கண்ணில் பட்ட கன்வெர்ட்டரில் ஃபைலைப் போட்டு, 'ஹை குவாலிட்டி' என்று எழுதியிருப்பதைத் தேர்ந்தெடுத்துவிட்டுக் காத்திருக்கிறோம். வந்து சேரும் ஃபைல் பல சமயம் மூலத்தைவிடப் பெரிதாக இருக்கும். படமோ மூலத்தைவிட மங்கலாக இருக்கும். பெரிதாகவும் மோசமாகவும் ஒரே நேரத்தில் எப்படி ஆகும்? இதற்கு விடை தெரிந்துவிட்டால் செட்டிங்ஸ் பக்கத்தில் பயமுறுத்தும் பாதி விஷயங்கள் தானாகப் புரிந்துவிடும்.

முதலில் ஃபைலைப் பிரித்துப் பார்க்க வேண்டும். எம்பி4, எம்கேவி, ஏவிஐ, எம்ஓவி என்று ஃபைல் பெயரின் வாலில் நாம் பார்ப்பதெல்லாம் கன்டெய்னர்கள், அதாவது பெட்டிகள். உள்ளே படம் ஒரு தடமாகவும் ஒலி இன்னொரு தடமாகவும் இருக்கும். சப்டைட்டில், அத்தியாயக் குறிகள் போன்றவையும் கூடவே இருக்கலாம். படம் எந்த முறையில் சுருக்கப்பட்டிருக்கிறது என்பதைத் தீர்மானிப்பது கோடெக். எச்.264, எச்.265, விபி9, ஏவி1 எல்லாம் கோடெக்குகள். ஒரே எச்.264 படத்தை எம்பி4 பெட்டியிலும் வைக்கலாம், எம்கேவி பெட்டியிலும் வைக்கலாம். ஆகவே 'எம்கேவியை எம்பி4 ஆக மாற்ற வேண்டும்' என்று ஒருவர் சொன்னால், நான் முதலில் கேட்கும் கேள்வி, 'உள்ளே என்ன கோடெக் இருக்கிறது?' என்பதுதான். மீடியாஇன்ஃபோ என்ற இலவச மென்பொருளில் ஃபைலைத் திறந்தால் ஒரு நிமிடத்துக்குள் பதில் கிடைக்கும். வீஎல்சி பிளேயரிலும் கோடெக் விவரம் பார்க்கலாம்.

உள்ளே எச்.264 படமும், ஏஏசி என்ற முறையில் சுருக்கிய ஒலியும் இருந்தால் வேலை மிக எளிது. பெட்டியை மட்டும் மாற்றினால் போதும். இதை ரீமக்ஸ் என்பார்கள். 2000-ஆம் ஆண்டில் ஃபாப்ரிஸ் பெல்லார்ட் தொடங்கிய எஃப்எஃப்எம்பெக் என்ற கருவியில், கோடெக் பெயர் கொடுக்க வேண்டிய இடத்தில் 'காப்பி' என்று கொடுத்தால் அது படத்தைத் தொடாமல் அப்படியே எடுத்துப் புதுப் பெட்டியில் வைத்துவிடும். இரண்டு மணி நேரப் படம்கூடச் சாதாரணக் கணினியில் சீக்கிரமே முடிந்துவிடும். தரத்தில் ஒரு பிட் கூடக் குறையாது, ஏனென்றால் எதுவும் மறுபடி சுருக்கப்படவே இல்லை. டிவியில் ஓடாத எம்கேவி ஃபைல்களில் கணிசமானவற்றுக்கு இதுவே போதும். படம் சரியாக இருந்து ஒலி மட்டும் டிவிக்குப் பிடிக்காத வகையாக இருந்தாலும் இதே வழிதான்: படத்தைக் காப்பி செய்துவிட்டு ஒலியை மட்டும் மாற்றலாம். இந்தச் சின்ன விஷயம் தெரியாமல் எத்தனையோ அருமையான பதிவுகள் வீணாக மறுபடி மறுபடி சுருக்கப்படுகின்றன. அதைப் பார்க்கும்போது உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

சரி, கோடெக்கையே மாற்றித்தான் ஆக வேண்டும் என்றால் என்ன நடக்கிறது?

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஃபுல் எச்டி என்பது 1920-க்கு 1080 புள்ளிகள், அதாவது ஒரு ஃபிரேமுக்கு சுமார் 20.7 லட்சம் பிக்ஸல்கள். வழக்கமான வீடியோவில் பிரகாசத்தை முழு அளவிலும் நிறத்தைக் கால் பங்கு அளவிலும்தான் சேமிக்கிறார்கள். நம் கண் பிரகாச வித்தியாசத்தைத் துல்லியமாகப் பார்க்கும், நிற வித்தியாசத்தை அவ்வளவு துல்லியமாகப் பார்க்காது என்பதுதான் காரணம். இதனால் ஒரு பிக்ஸலுக்குச் சராசரியாக 12 பிட் ஆகிறது. வினாடிக்கு 25 ஃபிரேம் என்றால் வினாடிக்கு சுமார் 622 மெகாபிட். ஒரு நிமிடத்துக்குக் கிட்டத்தட்ட 4.7 ஜிபி. ஆனால் நாம் பார்க்கும் ஃபுல் எச்டி வீடியோ வினாடிக்கு 8 மெகாபிட்டிலேயே நன்றாகத் தெரிகிறது. எழுபது, எண்பது மடங்கு சுருங்கியிருக்கிறது.

இந்தச் சுருக்கம் பெரும்பாலும் இரண்டு வழிகளில் வருகிறது. ஒன்று, அடுத்த ஃபிரேமை முழுதாக எழுதாமல், முந்தைய ஃபிரேமில் எந்தக் கட்டம் எந்தப் பக்கம் நகர்ந்தது என்று மட்டும் எழுதுவது. இரண்டாவது, அப்படியும் மீதமிருக்கும் வித்தியாசத்தைத் தோராயப்படுத்தி, கண்ணுக்கு எளிதில் தெரியாத நுண்விவரங்களைக் கைவிடுவது. இழப்பு நடப்பது இந்த இரண்டாவது இடத்தில்தான். கைவிட்டது திரும்ப வராது. அதற்குப் பதிலாக, கட்டங்களின் ஓரத்தில் மெல்லிய கோடுகள், எழுத்துகளைச் சுற்றிக் கொசு மொய்ப்பது போன்ற சிறு நடுக்கம், வானத்தில் படிப்படியான பட்டைகள் என்று புதிய குறைகள் ஒட்டிக்கொள்கின்றன.

இப்போது தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வரலாம். ஏற்கெனவே சுருக்கப்பட்ட வீடியோவை மறுபடி சுருக்கும்போது, சுருக்கும் வேலையைச் செய்யும் என்கோடருக்கு எது நிஜமான விவரம், எது பழைய சுருக்கம் விட்டுச்சென்ற குறை என்று தெரியாது. இரண்டையும் சமமாக மதித்து, அந்தக் குறைகளையும் அக்கறையாக எழுதப் பிட்டுகளைச் செலவழிக்கும். அதற்கு மேல் தன் பங்குக்குப் புதிய குறைகளையும் சேர்க்கும். வினாடிக்கு 3 மெகாபிட்டில் வந்த ஃபைலுக்கு 'ஹை குவாலிட்டி' என்ற பெயரில் 10 மெகாபிட் கொடுத்தால் ஃபைல் மூன்று மடங்குக்கு மேல் வீங்கும். படம் ஒருநாளும் மூலத்தைத் தாண்டாது. 720 வரி வீடியோவை 4கே ஆக்குவதும் இதே வகைதான். பிக்ஸல் எண்ணிக்கை கூடும், விவரம் கூடாது.

பிட்ரேட்டா, தரமா?

செட்டிங்ஸில் மிக முக்கியமான முடிவு இதுதான். பிட்ரேட்டை, அதாவது ஒரு வினாடி வீடியோவுக்குச் செலவாகும் பிட்டுகளின் அளவை, நாமே நிர்ணயித்தால், 'வினாடிக்கு இவ்வளவுதான் செலவழிக்கலாம்' என்று என்கோடருக்கு உத்தரவு போடுகிறோம். ஒருவர் உட்கார்ந்து பேசும் காட்சிக்கு அந்த அளவு தேவையே இல்லாமல் இருக்கலாம். கொட்டும் மழையில் ஓடும் கூட்டத்துக்கு அதுவே போதாமல் இருக்கலாம். மாறாக, 'தரம் இந்த அளவில் இருக்கட்டும், பிட்ரேட் எவ்வளவு வேண்டுமானாலும் ஆகட்டும்' என்று சொல்லும் முறை ஒன்று உண்டு. எச்.264, எச்.265 முறைகளில் சுருக்கும் எக்ஸ்264, எக்ஸ்265 என்கோடர்களில் அதற்கு சிஆர்எஃப் என்று பெயர். ஹேண்ட்பிரேக் என்ற இலவச கன்வெர்ட்டரில் ஆர்எஃப் என்ற நகர்த்தியாக அதைப் பார்க்கலாம். அளவு வரம்பு எதுவும் இல்லாத எல்லா வேலைக்கும் இந்த முறையைத்தான் நான் பரிந்துரைப்பேன்.

எண் குறையக் குறையத் தரம் கூடும். எக்ஸ்264-இல் 0 முதல் 51 வரை போகும். நாம் எதுவும் சொல்லாவிட்டால் 23 எடுத்துக்கொள்ளும். எண்ணில் 6 குறைத்தால் ஃபைல் ஏறக்குறைய இரட்டிப்பாகும், 6 கூட்டினால் ஏறக்குறைய பாதியாகும். ஃபுல் எச்டிக்கு 20 முதல் 24 வரை, டிவிடி அளவு படத்துக்கு 18 முதல் 22 வரை, 4கே படத்துக்கு 22 முதல் 28 வரை என்பது ஹேண்ட்பிரேக் தரும் வழிகாட்டல். சிறிய படத்துக்கு ஏன் குறைந்த எண்? டிவிடி படம் பெரிய திரையில் இழுத்துக் காட்டப்படும்போது அதன் குறைகளும் சேர்ந்து பெரிதாகின்றன. 4கே படத்தில் ஒவ்வொரு பிக்ஸலும் அவ்வளவு சிறியது என்பதால் கொஞ்சம் தாராளமாக இருக்கலாம்.

ஒரு எச்சரிக்கை. இந்த எண்கள் கோடெக்குக்குக் கோடெக் மாறும். எக்ஸ்265-இன் இயல்பு மதிப்பு 28. ஏவி1 அளவுகோல் 63 வரை போகிறது. எக்ஸ்264-இல் பழகிய 20-ஐ அப்படியே ஏவி1-இல் கொடுத்தால் தேவையில்லாமல் பெரிய ஃபைல் வரும்.

சிஆர்எஃப்புக்கு அடுத்து பிரீசெட். அல்ட்ராஃபாஸ்ட் தொடங்கி மீடியம், ஸ்லோ, வெரிஸ்லோ என்று நீளும் இந்தப் பட்டியல், என்கோடர் எவ்வளவு நேரம் யோசிக்கலாம் என்பதைச் சொல்கிறது. மெதுவான பிரீசெட்டில் அது நகர்வுகளை ஆழமாகத் தேடும், அதனால் அதே தரத்தைக் குறைந்த இடத்தில் அடைக்கும். பலரும் இதைத் தர அளவுகோல் என்று நினைத்துக்கொள்கிறார்கள். தரத்தைப் பெரும்பாலும் சிஆர்எஃப் பார்த்துக்கொள்கிறது. பிரீசெட் நேரத்தைக் கொடுத்து இடத்தை வாங்குகிறது. கணினியை ராத்திரி ஓடவிட்டுத் தூங்க முடியுமென்றால் ஸ்லோ நல்ல தேர்வு. கடைசியில் இருக்கும் பிளாசிபோ வேண்டாம். அது எடுத்துக்கொள்ளும் நேரத்துக்கு ஏற்ற பலன் இல்லை.

கிராஃபிக்ஸ் சிப்பில் இருக்கும் ஹார்டுவேர் என்கோடர்கள் எத்தனையோ மடங்கு வேகமானவை. நேரலைக்கும், அவசரமாக ஒரு பிரதி அனுப்பவும் அவை அருமை. ஆனால் அதே ஃபைல் அளவில் எக்ஸ்264, எக்ஸ்265-இன் மெதுவான பிரீசெட்டுகள் தரும் தெளிவை அவை பொதுவாகத் தருவதில்லை. வருடக்கணக்கில் வைத்திருக்கப் போகும் பிரதிக்கு நான் மென்பொருள் என்கோடரைத்தான் நம்புவேன்.

எந்தக் கோடெக் என்பது, எங்கே ஓட வேண்டும் என்பதைப் பொறுத்தது. 2003-இல் வந்த எச்.264 ஏறக்குறைய எல்லாக் கருவியிலும் ஓடும். யாருக்கு அனுப்புகிறோம், அவர் எதில் பார்ப்பார் என்று தெரியாவிட்டால் எம்பி4 பெட்டியில் எச்.264-உம் ஏஏசி ஒலியும் பாதுகாப்பான ஜோடி. 2013-இல் வந்த எச்.265 அதே தரத்தை ஏறக்குறைய பாதி பிட்ரேட்டில் தருவதை இலக்காக வைத்து உருவானது. 4கே படங்களில் அதன் பலன் நன்றாகத் தெரியும், ஆனால் பழைய கருவிகளும் சில பிரவுசர்களும் அதைத் திறக்காது. கூகுள், மொசில்லா, நெட்ஃப்ளிக்ஸ், அமேசான் போன்ற நிறுவனங்கள் 2015-இல் சேர்ந்து தொடங்கிய கூட்டணி, உரிமத் தொகை இல்லாத கோடெக்காக ஏவி1-ஐ 2018-இல் வெளியிட்டது. சுருக்கத்தில் அது எச்.265-ஐயும் பல நேரம் மிஞ்சுகிறது. பதிலுக்குப் புதிய கருவிகளைக் கேட்கிறது.

எச்.265 விஷயத்தில் ஒரு நுணுக்கம். எம்பி4-க்குள் அந்தத் தடத்துக்கு இரண்டு விதமான அடையாளக் குறிகளில் ஒன்று இருக்கலாம்: எச்இவி1 அல்லது எச்விசி1. ஆப்பிளின் குவிக்டைம் பிளேயர் இரண்டாவதைத்தான் எதிர்பார்க்கிறது. படம் முழுக்கச் சரியாக இருந்தும் ஐபோனிலோ மேக்கிலோ திறக்கவில்லை என்றால், மறுபடி என்கோட் செய்யாமல், எஃப்எஃப்எம்பெக்கில் காப்பி செய்தபடியே அந்தக் குறியை மட்டும் மாற்றிப் பாருங்கள். அதே கையோடு 'ஃபாஸ்ட் ஸ்டார்ட்' என்ற விருப்பத்தையும் போட்டுவிடலாம். ஃபைலின் அட்டவணையை அது முன்பக்கத்துக்குக் கொண்டுவரும். இணையத்தில் ஏற்றிய வீடியோவைப் பார்ப்பவருக்கு, அது முழுதும் இறங்கும் வரை காத்திருக்காமல் ஓடத் தொடங்கும்.

பழைய டேப்பும் டிவிடியும்

எந்த சிஆர்எஃப் கொடுத்தாலும் காப்பாற்ற முடியாத இழப்பு ஒன்று இருக்கிறது. அது இன்டர்லேஸ் வீடியோவைத் தவறாகக் கையாள்வது. பழைய கேம்கோடர் டேப்பிலிருந்து எடுத்த ஃபைலை நிறுத்திவைத்து, கை வீசும் ஒருவரின் விரல் ஓரத்தைப் பாருங்கள். சீப்பின் பற்கள் போலக் கிடைமட்டக் கோடுகள் தெரிந்தால் அது இன்டர்லேஸ். 720-க்கு 576 அளவுள்ள அந்தப் படத்தில் வினாடிக்கு 25 ஃபிரேம்கள். ஒவ்வொரு ஃபிரேமிலும் ஒற்றைப்படை வரிகள் ஒரு கணத்திலும், இரட்டைப்படை வரிகள் வினாடியில் 50-இல் ஒரு பங்கு கழித்தும் எடுக்கப்பட்டவை. பழைய குழாய் டிவிக்கு இது பொருத்தம். இன்றைய திரைகள் இரண்டையும் ஒன்றாகக் காட்டுவதால் பற்கள் தெரிகின்றன.

இதைப் பிரிக்காமலே படத்தின் உயரத்தைக் கூட்டியோ குறைத்தோ என்கோட் செய்துவிட்டால், வெவ்வேறு கணங்களின் வரிகள் ஒன்றோடொன்று கலந்து குழம்பிவிடும். பிறகு எந்த ஃபில்டராலும் அதைச் சுத்தமாகப் பிரிக்க முடியாது. அதனால் வரிசை முக்கியம்: முதலில் டீஇன்டர்லேஸ் (இரு கணங்களின் வரிகளைப் பிரித்து முழு ஃபிரேமாக்குவது), அதன் பிறகுதான் அளவு மாற்றம். எஃப்எஃப்எம்பெக்கில் இதற்கு யாடிஃப், பிடபிள்யூடிஃப் என்ற ஃபில்டர்கள் இருக்கின்றன. சாதாரணமாக வினாடிக்கு 25 ஃபிரேமாக வெளியிடலாம். ஆனால் ஒவ்வொரு பாதியையும் தனி ஃபிரேமாக்கி வினாடிக்கு 50 ஆக வெளியிட்டால், மூலத்தில் இருந்த அசைவின் மென்மை முழுதும் மிஞ்சும். குழந்தை ஓடுவது, நடனம், விளையாட்டு போன்ற வீட்டுப் பதிவுகளுக்கு இந்த 50-ஐத்தான் தேர்ந்தெடுப்பேன். வித்தியாசம் பார்த்தவுடன் தெரியும். அதே நேரம், டிவிடியில் உள்ள திரைப்படங்கள் பல நேரம் முழு ஃபிரேம்களாகவே இருக்கும். அவற்றில் டீஇன்டர்லேஸ் போட்டால் கூர்மைதான் குறையும். ஹேண்ட்பிரேக்கின் டீகோம்ப் ஃபில்டர், பற்கள் உள்ள ஃபிரேமை மட்டும் கண்டுபிடித்துத் தொடும் என்பதால் சந்தேகமான ஃபைல்களுக்கு அது நல்லது.

டிவிடி படத்தில் இன்னொரு பொறி, பிக்ஸல்கள் சதுரமாக இருப்பதில்லை. 720-க்கு 576 என்பதை அப்படியே சதுரப் பிக்ஸலாக எடுத்துக்கொண்டால் அகலத்திரைப் படத்தில் எல்லோரும் ஒல்லியாக, உயரமாகத் தெரிவார்கள். மூலத்தில் பதிந்திருக்கும் விகிதக் குறியை மென்பொருள் படித்துக்கொள்ளட்டும்; நாமாக அகலம், உயரத்தை நிரப்ப வேண்டியதில்லை.

செல்போன் வீடியோவில் வேறு சிக்கல். பல போன்கள் ஃபிரேம்களைச் சீரான இடைவெளியில் பதிவதில்லை. வெளிச்சத்துக்கும் போனின் வேலைப்பளுவுக்கும் ஏற்ப இடைவெளி மாறும். பிளேயரில் பார்க்கும்போது ஒன்றும் தெரியாது. எடிட்டிங் மென்பொருளில் போட்டால் போகப் போக உதடு ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம் என்று விலகும். எடிட்டுக்குப் போகும் ஃபைல் என்றால் 'கான்ஸ்டன்ட் ஃபிரேம் ரேட்' தேர்ந்தெடுத்து, எண்ணை மூலத்துக்கு நெருக்கமாக வையுங்கள். வினாடிக்கு 24 ஃபிரேமை 30 ஆக்குவதில் எந்த லாபமும் இல்லை. சில ஃபிரேம்கள் இரண்டு முறை வந்து அசைவு தடுக்கும்.

நிறம் பற்றிச் சுருக்கமாக. புதிய போன்கள் சில, பிரகாசத்தையும் நிறத்தையும் வழக்கத்தைவிட விரிந்த வீச்சில் பதியும் எச்டிஆர் முறையில் பதிகின்றன. அந்த வீச்சைச் சாதாரணத் திரைக்கு ஏற்றபடி சுருக்கும் டோன் மேப்பிங் செய்யாமல், அதைச் சாதாரண 8 பிட் வீடியோவாக மாற்றினால் படம் வெளிறி, சாம்பல் பூசியது போல ஆகும். சாதாரண வீடியோவிலும் கறுப்பை 16 என்றும் வெள்ளையை 235 என்றும் குறிக்கும் வழக்கம் இருக்கிறது; அதை 0 முதல் 255 வரை என்று தவறாக எடுத்துக்கொண்டால் இதே வெளிறல் வரும். மாற்றிய பிறகு முகத்தின் நிறம் மாறியதாகத் தோன்றினால் சிஆர்எஃப்பை நோண்ட வேண்டாம், இந்தக் குறிகளைப் பாருங்கள். எச்.265-இலும் ஏவி1-இலும் 10 பிட் தேர்வு செய்வது, மூலம் 8 பிட்டாக இருந்தால்கூட, வானம், சுவர் போன்ற சீரான பரப்புகளில் பட்டை விழுவதைக் குறைக்கும்.

ஒலிக்கு அதிகம் யோசிக்க வேண்டியதில்லை. ஏற்கெனவே ஏஏசி என்றால் காப்பி. மாற்றியே ஆக வேண்டுமென்றால் ஸ்டீரியோவுக்கு ஏஏசியில் 160 கிலோபிட் போதும், சங்கீதக் கச்சேரி என்றால் 192 வைக்கலாம். 160-இல் இரண்டு மணி நேரத்துக்கு 144 எம்பிதான் ஆகிறது. அங்கே மிச்சம் பிடித்துக் குரலைத் தகரமாக்குவது எனக்குச் சரியாகப் படவில்லை.

அளவுக்குள் அடங்கியே ஆக வேண்டும் என்ற நிலைமைக்கு மட்டும் பிட்ரேட் கணக்கு. உதாரணமாக, 10 நிமிட வீடியோ 100 எம்பிக்குள் வர வேண்டும். 100 எம்பி என்பது 800 மெகாபிட். அதை 600 வினாடியால் வகுத்தால் வினாடிக்குச் சுமார் 1.33 மெகாபிட். ஒலிக்கு 0.13 போனால் படத்துக்கு 1.2. அசைவு நிறைந்த ஃபுல் எச்டிக்கு எச்.264-இல் இது பற்றாது, கட்டம் கட்டமாக உடையும். அதே 1.2 மெகாபிட்டை 720 வரிக்கோ அதற்கும் கீழேயோ கொடுத்தால் படம் கொஞ்சம் மென்மையாக இருந்தாலும் பார்க்க இதமாக இருக்கும். இந்த வேலைக்கு இரண்டு சுற்று என்கோடிங் போடுங்கள். முதல் சுற்றில் எந்தக் காட்சி கடினம் என்று அளந்துகொண்டு, இரண்டாவது சுற்றில் அதற்கேற்ப பிட்டுகளைப் பங்கிடும்.

முழு ஃபைலை ஓட்டுவதற்கு முன்னால் ஒரு சோதனை அவசியம். இருட்டான காட்சி, வேகமான அசைவு, தண்ணீர் அல்லது இலைகள், ஒரு முகத்தின் நெருக்கம் ஆகியவை உள்ள ஒரு நிமிடத்தை வெட்டி எடுத்து 18, 21, 24 என்று மூன்று சிஆர்எஃப்களில் என்கோட் செய்யுங்கள். எப்போதும் பார்க்கும் தூரத்தில் உட்கார்ந்து பாருங்கள். நிறுத்திவைத்துப் பெரிதாக்கிப் பார்த்தால் எல்லாமே மோசமாகத்தான் தெரியும். மூலத்துக்கும் 24-க்கும் வித்தியாசம் தெரியவில்லை என்றால் 21-க்குப் போக வேண்டிய அவசியமே இல்லை. இருட்டான சுவரில் கட்டங்கள் மிதப்பது தெரிந்தால் ஒரு படி கீழே வாருங்கள். எண்ணில் வேண்டுமென்றால் நெட்ஃப்ளிக்ஸ் 2016-இல் பொதுவெளியில் வைத்த விமாஃப் என்ற அளவீடு இருக்கிறது. 100-க்கு இத்தனை என்று மதிப்பெண் தரும். ஆனால் அது மூலத்தோடுதான் ஒப்பிடுகிறது. மூலமே மோசம் என்றால் அந்த மோசத்தை அச்சாகக் காத்ததற்கும் நல்ல மதிப்பெண் கிடைக்கும்.

பழைய ஃபிலிமிலிருந்து வந்த படத்தில் மணல் தூவியது போன்ற கிரெயின் இருக்கும். ஃபிரேமுக்கு ஃபிரேம் அது மாறிக்கொண்டே இருப்பதால் முந்தைய ஃபிரேமைப் பார்த்து ஊகிக்க வழியில்லை. அதனால் ஒரே சிஆர்எஃப்பில் மற்றப் படங்களைவிட ஃபைல் பல மடங்கு பெரிதாகலாம். இந்த மணலைத் துடைக்கும் டீநாய்ஸ் ஃபில்டரைப் போட்டால் ஃபைல் சுருங்கும், கூடவே தோலின் இயல்பும் போய் முகங்கள் மெழுகு பூசியது போல ஆகும். லேசான அளவுக்கு மேல் அதைத் தொட எனக்கு மனம் வருவதில்லை. கிரெயினும் அந்தப் படத்தின் ஒரு பகுதிதான். எக்ஸ்264-இல் கிரெயினைக் காக்கும் 'கிரெயின்' ட்யூன் என்ற அமைப்பைப் போட்டு, பெரிய ஃபைலை ஏற்றுக்கொள்வது மேல்.

மாற்றிய ஃபைலின் மொத்த நீளம் மூலத்தோடு ஒத்துப்போகிறதா, கடைசி ஐந்து நிமிடத்தில் உதடும் குரலும் சேர்ந்திருக்கின்றனவா, சப்டைட்டில் வந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் மூலத்தைப் பற்றி யோசிக்க வேண்டும். படமாக இருக்கும் டிவிடி சப்டைட்டில் எம்பி4-க்கு மாறும்போது பலமுறை சத்தமில்லாமல் விடுபட்டுப்போகும். எம்கேவியில் அது அப்படியே தங்கும். திரும்ப எடுக்க முடியாத பதிவு என்றால், டேப்பிலிருந்து முதலில் எடுத்த ஃபைலை அழிக்கவே வேண்டாம். இழப்பே இல்லாமல் சுருக்கும் எஃப்எஃப்வி1 என்ற கோடெக்கை ஆவணக் காப்பகங்கள் பயன்படுத்துகின்றன; எம்கேவி பெட்டியில் அதை வைத்துக்கொண்டால், நாளைக்கு இன்னும் நல்ல கோடெக் வரும்போது மறுபடி மூலத்திலிருந்தே தொடங்கலாம்.